கை வீசாமல் நடப்பவரை நம்பக் கூடாதா?

செம்பருத்தி: "நடக்கும்போது கையை வீசாதவன் எதையோ ஒளிக்கிறான், அவனை நம்பாதே" என்று அரிமா நேற்று எழுதியதைப் படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை. என் அப்பாவுக்கு வலது கை வீச்சே இருக்காது. உடம்போடு ஒட்டிக்கொண்டு, முழங்கை லேசாக மடங்கி, விரல்கள் பாதி மூடியபடி நடப்பார். தலைக்கனம் பிடித்தவர் என்றே சொந்தக்காரர்கள் பேசினார்கள். அப்புறம்தான் பார்க்கின்சன் நோய் என்று தெரிந்தது. ஒரு பக்கக் கை வீச்சு குறைவது அதன் ஆரம்ப அறிகுறிகளில் ஒன்று. அவர் எதை ஒளித்தார், அரிமா?

அரிமா: நோயாளிகளை நான் சொல்லவே இல்லை. பல வருடமாக ஆள் எடுக்கிறேன். கதவிலிருந்து நாற்காலிக்கு வருவதற்குள் ஆள் எப்படி என்று சொல்லிவிடுவேன். கை வீசாதவன் நம்பத் தகாதவன்.

செம்பருத்தி: அப்பாவுக்கே தெரியாத நோய், நாலு எட்டு வைப்பதற்குள் உங்களுக்குத் தெரிந்துவிடுமா? இடது கால் முன்னே போனால் வலது கை முன்னே வரும். உடம்பு திருகாமல் இருக்க அது உதவுகிறது. தோள் வலித்தாலே வீச்சு குறைந்துவிடும். இதில் குணம் எங்கே வந்தது?

தூரப்பார்வை: நடையில் ஆள் தெரியாது என்று சொல்லிவிட முடியாது. மூட்டுகளில் மட்டும் ஒளிப்புள்ளிகள் தெரிய, இருட்டில் நடக்கவிட்டு 1973இல் ஸ்வீடன் உளவியலாளர் யோஹான்சன் காட்டினார். நடப்பது மனிதர் என்று பார்த்தவர்கள் சட்டென்று கண்டுகொண்டார்கள். 1977இல் அதே முறையில் நண்பர்களையே ஓரளவு அடையாளம் கண்டார்கள்.

அரிமா: அப்படிச் சொல்லுங்கள்!

செம்பருத்தி: என்ன சொல்ல? இன்னார் என்று கண்டுபிடிப்பது வேறு, இன்ன குணம் என்பது வேறு. 2012இல் வெளியான ஆய்வில் நடையைப் பார்த்துக் குணம் சொல்லச் சொன்னார்கள். பார்த்தவர்கள் தங்களுக்குள் ஒத்துப்போனார்கள். நடந்தவர்களின் குணத்தோடுதான் அது பொருந்தவில்லை. எல்லாரும் சேர்ந்து தப்பாகச் சொன்னால் சரியாகிவிடுமா?

அரிமா: புதினின் வலது கை அசையாததை 2015இல் மருத்துவ இதழிலேயே எழுதினார்கள். கை வீசாதவன் யார் என்று இப்போது புரிகிறதா?

செம்பருத்தி: அதை முழுதாகப் படித்தீர்களா? உளவுத்துறையின் ஆயுதப் பயிற்சியில் வந்த பழக்கமாக இருக்கலாம் என்றுதான் அந்த மருத்துவர்கள் சொன்னார்கள். பழக்கம், ஐயா. குணம் இல்லை.

மழைக்காலம்: கையை விடுங்கள். செருப்பைத் தரையில் தேய்த்து நடப்பவர்கள் சோம்பேறிகள், அதையாவது ஒத்துக்கொள்வீர்களா?

செம்பருத்தி: இன்னொருவரா! பாதத்தைத் தூக்கும் நரம்பு பலவீனமானாலும் கால் தேயும்.

அரிமா: இவருக்கு எல்லாமே நோய்தான். கையெழுத்து விவாதத்திலும் இதே கதை.

செம்பருத்தி: அங்கே நான் கேட்ட கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. எழுத்து சாய்ந்திருந்தால் ஏமாற்றுக்காரன் என்று யாரைப் பார்த்து முடிவு செய்தீர்கள்?

அரிமா: அதை அங்கேயே வந்து கேளுங்கள். கை வீசாதவனை நான் நம்பமாட்டேன், அவ்வளவுதான்.

மழைக்காலம்: நான் செருப்பைப் பற்றிக் கேட்டேனே?