பாலிக்சியில் சந்தித்த கிரேன் ஓட்டுநர்

கைவிடப்பட்ட சோவியத் துறைமுகம் என்றதும் பலர் உஸ்பெகிஸ்தானின் மொய்னாக்கைத்தான் சொல்வார்கள். அங்கே ஆரல் கடல் வற்றிப்போய், கப்பல்கள் மணலில் கிடக்கின்றன. என்னை அதைவிட வருத்தியது கிர்கிஸ்தானில் இசிக்-குல் ஏரியின் மேற்குக் கோடியில் இருக்கும் பாலிக்சி. இங்கே ஏரி வற்றவில்லை. 1,600 மீட்டர் உயரத்தில், கடுங்குளிரிலும் உறையாமல், கண்ணுக்கெட்டிய தூரம் நீலமாகக் கிடக்கிறது. வேலைதான் போய்விட்டது.

தலைநகர் பிஷ்கெக்கில் மருத்துவம் படிக்கும் தம்பியோடு போயிருந்தேன். துறைமுக மதிலோரம் வெள்ளைக் கம்பளித் தொப்பியுடன் பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். தம்பி ரஷ்ய மொழியில் பேச்சுக் கொடுத்தான். அவர் அங்கே கிரேன் ஓட்டியவராம். ஊரைப் பழைய பெயரில், ரிபாச்சியே என்றே சொன்னார்.

1948-இல் ரயில் பாதை இந்த ஊரை எட்டியது. அந்த நாட்களில் அதற்குமேல் தண்டவாளம் இல்லை. சரக்கைக் கப்பலில் மாற்றி, சுமார் 180 கிலோமீட்டர் நீளமுள்ள ஏரியைக் கடந்து கிழக்குக் கோடியில் உள்ள கரகோல் நகரப் பக்கம் கொண்டுபோவார்கள். நிலக்கரியும் மாவும் போகும், கம்பளியும் மரமும் வரும் என்றார். கீழே நிற்பவர் எப்படிச் சைகை காட்டுவார் என்று தம்பி கேட்டான். பெரியவர் கைத்தடியை மதிலில் சாய்த்துவிட்டு எழுந்தார். உள்ளங்கையை மேலே திருப்பி இருமுறை உயர்த்தினார்: தூக்கு. கையைப் பக்கவாட்டில் மெல்ல வீசினார்: திருப்பு. உள்ளங்கையைக் கீழே திருப்பி இடுப்பளவில் இடம் வலமாகச் சட்டென வீசினார்: நிறுத்து. மூட்டு வலியால் எழச் சிரமப்பட்டவரின் கைகளில் நடுக்கமே இல்லை. எதிரே துருப்பிடித்து நின்ற கிரேனின் கொக்கியைப் பார்த்தபடியே செய்தார்.

1991-இல் சோவியத் ஒன்றியம் கலைந்த பிறகு முதலில் சரக்கு நின்றது, அப்புறம் டீசல், கடைசியில் சம்பளம் என்றார். ரஷ்யாவிலிருந்து வந்திருந்த சகதொழிலாளிகள் குடும்பம் குடும்பமாகத் திரும்பிப் போனார்கள். மிச்சமிருந்த சரக்கையும் கரையோரச் சாலையில் லாரிகள் எடுத்துக்கொண்டன. சோவியத் ஆட்சியைப் பற்றி எனக்குப் பெரிய மதிப்பு இல்லை. ஆனால் கைத்தொழில் தெரிந்த ஒரு தலைமுறையையே இப்படி நடுவழியில் விட்டது அநியாயம்.

சுற்றுலாப் பயணிகள் பாலிக்சியில் இறங்காமல் நேரே வடகரையில் உள்ள சோல்பொன்-அத்தாவின் ஏரிக்கரைகளுக்குப் போய்விடுகிறார்கள். கோடையில் பிஷ்கெக்கிலிருந்து பூம் பள்ளத்தாக்கு வழியாக ரயில் வருகிறது. அதில் வருபவர்கள் இங்கே அரை நாளாவது தங்குங்கள், வயதானவர்களிடம் பேசுங்கள். கரகோல் பக்கத்துத் துறையில் பழைய மாலுமிகள் யாரையாவது சந்தித்தவர்கள் இருந்தால், அவர்கள் சொன்னதையும் அவசியம் எழுதுங்கள்.