விக்கில பாடகியோட முதல் சிங்கிள்: நான் எழுதுனத மூணு தடவ மாத்திட்டாய்ங்க, என்ன பண்றது?

வில்லாபுரத்துப்புள்ள

எல்லாருக்கும் வணக்கம். தமிழ் விக்கிப்பீடியால எழுத ஆரம்பிச்சு நாலு மாசம்தான் ஆச்சு. இதுவரைக்கும் நம்ம பக்கத்து கண்மாய், ஊர்க் கோயில்னு சின்னச் சின்ன கட்டுரைலதான் கை வச்சிருக்கேன், யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்ல. போன வாரம் இங்கிலாந்துப் பாடகி அடெல் பாடுன ஹோம்டவுன் குளோரி பாட்டுக்கு ஒரு கட்டுரை ஆரம்பிச்சேன், அங்க பிடிச்சது சனி.

இந்தப் பாட்டு ஏன்னா, அத எழுதும்போது அந்தப் புள்ளைக்கு வயசு 16. தெற்கு லண்டன்ல வெஸ்ட் நார்வுட்ல இருந்தாங்க, அவங்க அம்மா வெளியூர் போய்ப் படின்னு சொல்ல, ஊர விட்டு போமாட்டேன்னு வீம்பு பண்ணி, அந்த வீம்புல வந்த பாட்டு. எங்க வீட்லயும் இப்ப இதே பஞ்சாயத்துதான் ஓடுது, மெட்ராஸ் போ பெங்களூர் போன்னு தினம் ராத்திரி சோறு போடும்போது ஆரம்பிச்சிருவாங்க. அதான் இந்தப் பாட்டப் பத்தி நம்ம பாஷைல ஒரு பக்கம் இருக்கட்டும்னு தோணுச்சு.

முதல் வரில "அடெலின் அறிமுகத் தனிப்பாடல், 2007 அக்டோபர் 22 அன்று வெளியானது"ன்னு போட்டேன். மறுநாள் பாத்தா ஒரு ஐடி வந்து "அறிமுகப் பாடல் சேசிங் பேவ்மென்ட்ஸ், இது இரண்டாவது"ன்னு மாத்தி வருஷத்தையும் 2008 ஆக்கிருச்சு. நான் பழையபடி ஆக்குனேன், அவரு மாத்துனாரு, நான் ஆக்குனேன், இப்படியே மூணு ரவுண்டு போயிருச்சு. கடைசியா தொகுப்புச் சுருக்கத்துல (ஏன் மாத்துனோம்னு எழுதுற குறிப்பு) "பாட்டு கேக்குற ஆப்ல போய் பாருங்க 2008னுதான் இருக்கு"ன்னு எழுதிட்டுப் போயிருக்காரு. போய்ப் பாத்தேன், அப்படித்தான் இருக்கு! இப்ப எனக்கே சந்தேகம் வந்துருச்சு. இதுல யாரு சொல்றது சரி, இத எப்படி முடிக்கிறது, அப்புறம் சிங்கிள்ங்கிறதுக்கு தனிப்பாடல்னு போட்டது சரிதானா? தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க, ரெண்டு நாளா தூக்கம் இல்ல (பொய், நல்லாத்தான் தூங்குறேன், ஆனா கடுப்பா இருக்கு).

தெப்பக்குளம்_பாண்டி

தங்கச்சி, மொதல்ல மாத்தி மாத்திப் போடுறத நிறுத்துங்க. சரியோ தப்போ, ரெண்டு பேரும் மீளமைச்சுக்கிட்டே இருந்தா அதுக்குப் பேரு தொகுப்புப் போர். இங்கிலீஷ் விக்கில 24 மணி நேரத்துக்குள்ள மூணு தடவைக்கு மேல போனா தடை வரைக்கும் போகும். இங்க ஆளுக கம்மி, கூப்பிட்டுப் பேசுனா முடிஞ்சிரும். கட்டுரையோட பேச்சுப் பக்கத்துல எழுதிட்டு அவரோட பயனர் பக்கத்துலயும் ஒரு சேதி போடுங்க. அதுக்கும் மசியலன்னா ஆலமரத்தடில (தமிழ் விக்கில எல்லாரும் கூடிப் பேசுற பக்கம்) போய்க் கேளுங்க, பெரியவங்க யாராச்சும் வந்து பாப்பாங்க.

இப்ப விஷயத்துக்கு வருவோம். நீங்க எழுதுனதுதான் சரி. சிங்கிள்னா பாட்டு ஹிட்டாச்சா இல்லையாங்கிறது கணக்கே இல்ல, அந்தப் பாடகர் பேருல தனி வெளியீடா கடைக்கு வந்துச்சா, அம்புட்டுதான். ஹோம்டவுன் குளோரி 2007 அக்டோபர்ல பேஸ்மேக்கர் ரெக்கார்டிங்ஸ்ங்கிற சின்ன லேபிள்ல வந்துச்சு, அது ஜேமி டிங்கிற இன்னொரு பாடகரோட லேபிள். ஏழு இன்ச் வினைல் தட்டு, 500 காப்பிதான் போட்டாய்ங்க, பி சைடுல, அதாவது தட்டோட மறுபக்கத்துல, பெஸ்ட் ஃபார் லாஸ்ட்னு இன்னொரு பாட்டு. சேசிங் பேவ்மென்ட்ஸ் வந்தது 2008 ஜனவரி, பெரிய லேபிளான எக்ஸ்எல்ல, பிரிட்டன் சார்ட்ல 2வது இடம் வரைக்கும் ஏறுச்சு. அதே மாசம் 28ஆம் தேதி 19ங்கிற ஆல்பமும் வந்துருச்சு.

உங்கள அந்த ஐடி எங்க குழப்புறாருன்னா, ரெண்டு பாட்டுமே அந்த ஆல்பத்துக்குள்ள இருக்கு. ஆப்ல ஒரு பாட்ட தட்டுனா அது ஆல்பத்தோட வருஷத்தத்தான் காட்டும், பாட்டு முதல்ல எப்ப வெளிய வந்துச்சுன்னு காட்டாது. போதாக்குறைக்கு ஹோம்டவுன் குளோரிய 2008ல எக்ஸ்எல் திரும்பவும் சிங்கிளா விட்டாய்ங்க, அதுவும் சார்ட்ல 19வது இடத்துக்கு வந்துச்சு. அப்ப 2008ங்கிறது அவரு கண்ணுல பட்டதுல ஆச்சரியமே இல்ல, அவரு பொய் சொல்லல, மறுவெளியீட்டப் பாத்துட்டு பேசுறாரு. இன்னொன்னு, ஆல்பம் பேரும் 19, சார்ட் இடமும் 19, அந்தம்மா வயச ஆல்பத்துக்குப் பேரா வைக்கிற பழக்கம். கட்டுரைல எழுதும்போது எந்த 19னு தெளிவாச் சொல்லலன்னா இன்னொருத்தர் வந்து திருத்துறேன்னு கெடுத்துருவாரு.

மேற்கோளுக்கு யூடியூப் கமெண்ட், ரசிகர் பக்கம் எல்லாம் வேணாம். சார்ட் விவரத்துக்கு பிரிட்டன் அபீஷியல் சார்ட்ஸ் தளம், விருதுக்கு கிராமி தளம், மத்ததுக்கு பேர் உள்ள பத்திரிகை பேட்டி. சில செய்தித் தளம் விக்கில இருந்தே எடுத்துப் போட்டிருக்கும், அத மறுபடி விக்கிக்கு மேற்கோளா வச்சா நாம சொன்னத நாமே சாட்சி சொன்ன கதைதான்.

காளவாசல்_கார்த்தி

பாண்டியண்ணே சொல்றது ரூல் படி சரி, ஆனா எனக்கு ஒண்ணு புரியல. 500 காப்பிண்ணே! மாட்டுத்தாவணில பழைய சிடி போட்டு விக்கிறவரு ஒரு திருவிழா சீசன்ல அத விட அதிகம் வித்திருப்பாரு. உலகத்துக்கு அந்தப் பொண்ணு அறிமுகமானது சேசிங் பேவ்மென்ட்ஸ்லதான, 2009ல கிராமி வாங்குனதும் அந்தப் பாட்டுக்குத்தான. "அறிமுகம்"னு தமிழ்ல எழுதுனா படிக்கிறவன் "ஓ இதுலதான் பேமஸ் ஆனாங்க"ன்னுதான நினைப்பான். அந்த ஐடி நான் இல்லைங்கோ, சண்டைக்கு வராதீங்க, ஆனா அவரு பக்கம் கொஞ்சம் நியாயம் இருக்கு.

இன்னொன்னு, முதல்ல வந்ததுதான் கணக்குன்னா அவங்க ஃப்ரெண்டு மைஸ்பேஸ் தளத்துல டெமோ (மாதிரிப் பதிவு) ஏத்துனது அதுக்கும் முன்னாடியாச்சே, அத ஏன் அறிமுகம்னு சொல்லக்கூடாது?

தெப்பக்குளம்_பாண்டி

டெமோவ யாரும் காசு குடுத்து வாங்கல தம்பி, அது சிங்கிள் கிடையாது. ஆனா கட்டுரைல பின்னணின்னு ஒரு பகுதி வச்சு அத கண்டிப்பா எழுதணும், ஏன்னா அந்த மைஸ்பேஸ் பக்கத்தப் பாத்துட்டுத்தான் எக்ஸ்எல்காரங்களே கூப்பிட்டாய்ங்க. கிராமி விஷயம் நீ சொன்னது சரி, சிறந்த பெண் பாப் குரலுக்கான விருது அந்தப் பாட்டுக்கு, அது போக சிறந்த புதுமுகம் விருது தனி. ஹோம்டவுன் குளோரியும் அடுத்த வருஷம், அதாவது 2010 கிராமில, பரிந்துரைல இருந்துச்சு, பரிசு வரல.

"அறிமுகம்"ங்கிற வார்த்தை பத்தி நீ சொன்னது யோசிக்க வேண்டியதுதான். அது உண்மையிலயே வழுக்குது.

மேலமாசி_ரெக்கார்டு_பெருசு

பிள்ளைகளா, இந்தச் சண்டை உங்களுக்குத்தான் புதுசு. எங்க காலத்துல டவுன் ஹால் ரோட்டு டீக்கடைல இதே சண்டை எஸ்பிபிக்கு நடந்துச்சு. எல்லாரும் அடிமைப் பெண் படத்துல எம்ஜிஆருக்குப் பாடுன ஆயிரம் நிலவே வா தான் முதல் பாட்டும்பாய்ங்க. அதுக்கு முன்னாடியே சாந்தி நிலையத்துக்குப் பாடியாச்சு, ஆனா அடிமைப் பெண் முந்தி வந்துருச்சு, ரெண்டும் 1969தான். அதுக்கும் முன்னாடி ஓட்டல் ரம்பான்னு ஒரு படத்துக்குப் பாடுனது, படமே வெளிய வரல. அது எல்லாத்துக்கும் முன்னாடி தெலுங்குல 1966லயே பாடிட்டாரு. இப்ப எது முதல் பாட்டு? பாடுனதா, வந்ததா, ஜனங்க காதுல விழுந்ததா? மூணுக்கும் மூணு பதில். டீ ஆறுனதுதான் மிச்சம்.

நம்ம ஊருக்கே வாங்க. எம்எஸ் அம்மா மதுரைல 1916ல பிறந்தவங்க, பத்து வயசுல 1926ல முதல் தட்டு குடுத்தாங்க, மரகத வடிவும் செங்கதிர் வேலும், அவங்க அம்மா சண்முகவடிவு வீணை. அது கிட்டத்தட்ட சிங்கிள் மாதிரிதான், நிமிஷத்துக்கு 78 சுத்து சுத்துற தட்டு, ஒரு பக்கத்துக்கு மூணு நிமிஷம் சொச்சம்தான் தாங்கும். யாராச்சும் "எம்எஸ் அறிமுகமானது சினிமாவுலதான், அப்பத்தான எல்லாருக்கும் தெரிஞ்சுச்சு"ன்னு எழுதுனா ஒத்துக்குவோமா? காளவாசல் தம்பி, இதுக்குப் பதில் சொல்லுப்பா.

சிங்கிள்ங்கிற சமாசாரமே நம்மகிட்ட சரியா இருந்ததில்ல, குழப்பத்துக்கு அதுவும் ஒரு காரணம். வெள்ளைக்காரன் ஏழு இன்ச் தட்டுல ஒரு பக்கம் ஒரு பாட்டு, மறுபக்கம் ஒரு பாட்டுன்னு விப்பான். நம்மாளுக அதே சைசு தட்டுல படத்துப் பாட்டு மூணு நாலு ஏத்தி ஈபின்னு வித்தாய்ங்க. எங்கிட்ட இன்னும் ஒரு டிரங்குப் பெட்டி நிறையக் கெடக்கு, ரெக்கார்டு பிளேயர் ஊசிதான் கிடைக்க மாட்டேங்குது. யாருக்காச்சும் கடை தெரிஞ்சா தனியாச் சொல்லுங்க.

காளவாசல்_கார்த்தி

பெருசு எம்எஸ் அம்மாவ இழுத்ததும் நான் அவுட். வாபஸ் வாங்கிக்கிறேன்.

ஜிகர்தண்டா_ஸ்பெஷல்

சிங்கிள்னா எனக்குத் தெரிஞ்சது ரெண்டுதான், ஒண்ணு புதுப் படத்துக்கு "பர்ஸ்ட் சிங்கிள் நாளைக்கு ஆறு மணிக்கு"ன்னு போஸ்டர் ஒட்டுவாய்ங்கல்ல அது, இன்னொன்னு நான்.

வில்லாபுரத்துப்புள்ள

ஐயோ ஜிகர்தண்டா, சிரிக்காதீங்க, எனக்கு நெஜமாவே அது நடந்துச்சு. முதல்ல சோம்பேறித்தனத்துல இங்கிலீஷ் பக்கத்த மொழிபெயர்ப்பு மெஷின்ல போட்டு எடுத்தேன், "அடெல் 2007ல் திருமணமாகாதவராக விடுதலை செய்யப்பட்டார்"ன்ற ரேஞ்சுல ஒரு வாக்கியம் வந்துச்சு. சேசிங் பேவ்மென்ட்ஸ் "நடைபாதைகளைத் துரத்துதல்" ஆயிருச்சு, என்னமோ மாநகராட்சி ஆக்கிரமிப்பு அகற்றுற மாதிரி. நல்லவேளை மணல்தொட்டில (விக்கில எழுதிப் பழகுற பக்கம்) வச்சுத்தான் பாத்தேன், எல்லாத்தையும் அழிச்சுட்டு கையால எழுதுனேன்.

பாண்டியண்ணே, பெருசு ஐயா, ரொம்ப நன்றி. ஆப்ல ஏன் 2008 வருதுன்னு இப்பத்தான் புரியுது. தனிப்பாடலா என்னன்னு மட்டும் யாராச்சும் சொல்லுங்களேன். அட்டைப் படமும் போடலாமான்னு கேக்க மறந்துட்டேன்.

புதூர்_தமிழம்மா

நான் பள்ளிக்கூடத்துல தமிழ் எடுக்குறவ, அந்த உரிமைல சொல்றேன் கண்ணு. தனிப்பாடல்னா எங்களுக்கு உடனே காளமேகப் புலவர்தான் ஞாபகம் வருவாரு, தனிப்பாடல் திரட்டுன்னு படிச்சிருப்ப. அது வேற சங்கதி. ஒரு நூலுக்குள்ள அடங்காம தனியா நின்ன செய்யுளுக்கு அந்தப் பேரு. யோசிச்சுப் பாத்தா ஆல்பத்தோட சேந்து வராம தனித் தட்டா வந்த பாட்டுக்கும் அது பொருந்தத்தான் செய்யுது, அதனால தப்புன்னு சொல்ல மாட்டேன். ஆனா நீ முதல் தடவ வர்ற இடத்துல "தனி இசைத்தட்டாக வெளியான"ன்னு ஒரு விளக்கம் சேத்துட்டா படிக்கிறவங்களுக்குச் சிக்கல் இல்ல, அப்புறம் தனிப்பாடல்னே எழுதிட்டுப் போ. "அறிமுக"ங்கிறத எடுத்துட்டு "முதல்"னு போடு. கார்த்தி சொன்ன குழப்பம் அந்த ஒரு சொல்லுலதான் கெடக்கு. அறிமுகம்னா அடுத்தவங்க நம்மளத் தெரிஞ்சுக்கிறது. முதல்ங்கிறது வரிசை, அதுல யாரும் சண்டை போட முடியாது.

தெப்பக்குளம்_பாண்டி

டீச்சரம்மா சொன்னது அருமை, எனக்கு இது தோணவே இல்ல.

அட்டைப் படம் பத்தி: காமன்ஸ்ல (எல்லா மொழி விக்கிக்கும் பொதுவான படக் கிடங்கு) ஏத்தாதீங்க தங்கச்சி, லேபிளுக்குச் சொந்தமான படம், அங்க கட்டற்ற உரிமம் இருந்தாத்தான் விடுவாய்ங்க, பாத்த உடனே தூக்கிருவாய்ங்க. இப்போதைக்குப் படம் இல்லாமலே இருக்கட்டும். பாட்டு வரியையும் முழுசாப் போடாதீங்க, அதுக்கும் பதிப்புரிமை இருக்கு, என்னத்தப் பத்தின பாட்டுன்னு உங்க வார்த்தைல ரெண்டு வரி எழுதுனா போதும். அப்புறம் இங்கிலீஷ் விக்கில இருந்து ஏதாச்சும் பத்திய மொழிபெயர்த்து வச்சிருந்தா, எந்தப் பக்கத்துல இருந்து எடுத்ததுன்னு தொகுப்புச் சுருக்கத்துல இணைப்போட எழுதணும். விக்கி உரிமப்படி அது கட்டாயம், நெறய பேரு விட்டுர்றாய்ங்க.

அந்த ஐடிக்கு எழுதும்போது "நீங்க தப்பு"ன்னு ஆரம்பிக்காதீங்க, "நீங்க பாத்த 2008 ஆல்பத்துக்கும் மறுவெளியீட்டுக்கும் உரியது, கட்டுரைல அதையும் சேத்துருக்கேன்"னு எழுதுங்க. அவரு சொன்னதுக்கும் ஒரு இடம் குடுத்துட்டா ஆளு அடங்கிருவாரு.

வில்லாபுரத்துப்புள்ள

பேசிட்டேன்! பேச்சுப் பக்கத்துல பாண்டியண்ணே சொன்ன மாதிரியே எழுதுனேன், மதியம் பதில் போட்டுட்டாரு, "மறுவெளியீடு என்று தெரியாது, மன்னிக்கவும்"னு. திருமங்கலத்துக்காரராம், ப்ளஸ் டூ படிக்கிறாராம். நான் என்னமோ பெரிய வில்லன்னு நினைச்சு ரெண்டு நாளா மனசுக்குள்ள திட்டிட்டு இருந்தேன்.

முதல் பத்திய இப்படி மாத்தியிருக்கேன், பாத்துச் சொல்லுங்க:

"ஹோம்டவுன் குளோரி என்பது ஆங்கிலேயப் பாடகி அடெல் தனி இசைத்தட்டாக வெளியிட்ட முதல் பாடல் ஆகும். இத்தனிப்பாடல் 2007 அக்டோபர் 22 அன்று பேஸ்மேக்கர் ரெக்கார்டிங்ஸ் மூலம் 500 படிகள் மட்டும் கொண்ட வினைல் இசைத்தட்டாக வெளியிடப்பட்டது. இவரைப் பரவலாக அறியச் செய்தது 2008 சனவரியில் வெளியான சேசிங் பேவ்மென்ட்ஸ் ஆகும். ஹோம்டவுன் குளோரி 2008இல் எக்ஸ்எல் நிறுவனத்தால் மீண்டும் வெளியிடப்பட்டு, ஐக்கிய இராச்சியத் தரவரிசையில் 19ஆம் இடத்தைப் பிடித்தது."

புதூர்_தமிழம்மா

நல்லாருக்கு கண்ணு. "என்பது", "ஆகும்" ரெண்டையும் எடுத்துரு, விக்கில எல்லாரும் ஏன்தான் இப்படி எழுதுறீங்களோ. "தனிப்பாடல்"ல ப் போட்ட மாதிரி மத்த இடத்துலயும் ஒற்றுப் பிழை இல்ல, பத்துக்குப் பத்து.

மேலமாசி_ரெக்கார்டு_பெருசு

அந்த 500ல ஒரு தட்டு கிடைக்குமா? சும்மா கேட்டேன். ஊசி விஷயத்துக்கு இன்னும் யாரும் பதில் சொல்லல.