1008 உரு முடிந்தும் தகடு நிறையவில்லை. காப்பு மூன்றாம் சாமத்தில் அவிழ்கிறது

வாயிற்காப்பு:
வணக்கம். எங்கள் பட்டறையின் வாயிற்காப்பை நான்கு ஆண்டுகளாக, மந்திரப் பதிவைத் திரும்பத் திரும்ப ஒலித்துத் தகட்டில் ஏற்றும் ஓர் உருவேற்றியைக் கொண்டு இயக்கி வருகிறேன். தகடு 30 செ.மீ. சதுரச் செம்பு, பீசம் பொறித்த பள்ளங்கள் ஒரு கட்டைச் சுருதிக்கு, அதாவது ஏறத்தாழ 131 ஹெர்ட்சுக்கு, இழைக்கப்பட்டவை. தகட்டைப் பொறித்த என் ஆசிரியரே ஓதிய பதிவுதான் சுழன்று ஒலிக்கிறது. ஓர் உரு, அதாவது ஒருமுறை ஓதல், சரியாக 8 வினாடி. மாலையில் சங்கல்பத்தை நான் ஒலிவாங்கியில் சொல்லிவிட்டு வெளியே வந்து கதவைச் சாத்திவிடுவேன். உருவேறும் அறையில் ஆள் இருக்கக் கூடாது என்ற விதியை இதுவரை மீறியதில்லை.

சென்ற வாரம் மின்னலில் ஒலி அட்டை எரிந்துபோனதால் புதியது பொருத்தினேன். அன்றிலிருந்து எண்ணியில் 1008 என்று காட்டினாலும், தகட்டில் ஏறியதை அளக்கும் உருமானி 100க்கு 61இலேயே நின்றுவிடுகிறது. விடியும்வரை நிற்க வேண்டிய காப்பு மூன்றாம் சாமத்திலேயே அவிழ்ந்துவிடுகிறது. புதிய அட்டையின் மீது எனக்கு ஐயம் இல்லை, ஏனெனில் சங்கல்பம் சொல்லும்போது ஒலிபெருக்கியில் என் குரல் இயல்பாகவே கேட்கிறது. தகட்டைத் துலக்கிப் பார்த்தேன், இணைப்புகளை மீண்டும் பற்றவைத்தேன், பயன் இல்லை.

நிலக்கம்பி:
மின்னல் தாக்கிய இடத்தில் முதலில் பார்க்க வேண்டியது நிலத்தொடர்பைத்தான். கம்பி அறுந்திருந்தால், ஏறும் உரு ஏறிய வேகத்திலேயே சட்டத்தின் வழியாகக் கசியும். காப்பைக் கட்டாமல், தகட்டைத் தனியே ஒரு மணி நேரம் வைத்து உருமானியைப் பாருங்கள். இன்னொன்று, கோடை வெப்பத்தில் தகடு விரிந்து சுருதி மாறியிருக்கவும் கூடும்.

ஓதுவிரதி:
பதிவுசெய்த குரலுக்கு உரு ஏறாது என்பதை நான் பல ஆண்டுகளாகச் சொல்லி வருகிறேன். நான்கு ஆண்டுகள் ஏறியதே வியப்பு. குரலுக்கு உரியவரின் மூச்சு அதில் இருந்தவரை ஏறியது, இப்போது தீர்ந்துவிட்டது என்றே கொள்ள வேண்டும்.

வாயிற்காப்பு:
நிலக்கம்பி அவர்கள் சொன்னபடி வைத்துப் பார்த்தேன். ஒரு மணி நேரத்திற்குப் பிறகும் முள் 61ஐ விட்டு அசையவில்லை. ஏறியது கசியவில்லை, ஏறும்போதே குறைவாகத்தான் ஏறுகிறது.

தகட்டுத்தச்சன்:
மூச்சு தீர்ந்திருந்தால் உரு மெல்ல மெல்லக் குறைந்திருக்கும். அட்டை மாற்றிய அதே நாளில் 61க்கு விழுந்திருக்காது. வெப்பமும் காரணமன்று: 30 செ.மீ. செம்பு 10 பாகை சூடேறினால் 0.05 மி.மீ. அளவே விரியும், அந்த நீட்சியால் மாறும் சுருதியை எந்தக் காதும் எந்தப் பள்ளமும் பொருட்படுத்தாது. எண்ணி எத்தனை முறை ஒலித்தது என்பதை எண்ணுகிறது, உருமானியோ எவ்வளவு தகட்டில் தங்கியது என்பதை அளக்கிறது. இவை இரண்டும் ஒன்றே என்று கருதுவதால்தான் பலரும் தகட்டைத் தேய்த்துத் தேய்த்துப் பாழாக்குகிறார்கள். ஒரே கேள்வி: முதல் உருவிலிருந்து கடைசி உரு வரை எவ்வளவு நேரம் ஆகிறது?

வாயிற்காப்பு:
நேற்று குறித்துவைத்தேன்: 2 மணி 4 நிமிடம் 20 வினாடி. மின்னலுக்கு முன்பு அளந்ததில்லை.

தகட்டுத்தச்சன்:
அளந்திருக்க வேண்டியதில்லை, கணக்கே சொல்லும். 8 வினாடி வீதம் 1008 உருவுக்கு 2 மணி 14 நிமிடம் 24 வினாடி ஆக வேண்டும். உங்களுக்குப் பத்து நிமிடம் முன்னதாகவே முடிகிறது. உங்கள் கோப்பு வினாடிக்கு 44,100 மாதிரிகளாக, அதாவது ஒலியை அத்தனை முறை அளந்து, பதிவானதாக இருக்கும், புதிய அட்டையின் கடிகாரம் 48,000இல் பூட்டப்பட்டிருக்கும், உருவேற்றியின் நிரல் கோப்பின் தலைப்பில் உள்ள அந்த எண்ணைப் படிக்காமல் அப்படியே தள்ளுகிறது. அப்போது ஓர் உரு 7.35 வினாடியில் முடிந்துவிடும். சுருதியும் 131இலிருந்து ஏறத்தாழ 143 ஹெர்ட்சுக்கு, அதாவது முக்கால் கட்டை, ஏறிவிடும். ஒரு கட்டைக்கு இழைத்த பள்ளம் அதற்கு இசையாது. மேற்சுரங்கள் சில தற்செயலாகப் பொருந்துவதால்தான் 61 வரையாவது ஏறியது.

உங்கள் சொந்தக் குரல் இயல்பாகக் கேட்டதுதான் உங்களை ஏமாற்றியிருக்கிறது. ஒலிவாங்கியில் புகுவதும் ஒலிபெருக்கியில் வெளியேறுவதும் ஒரே கடிகாரத்தில் நடப்பதால், அந்தக் கடிகாரம் எவ்வளவாக இருந்தாலும் நேரடிக் குரல் மாறாது; முன்பே பதிவானதுதான் மாறும்.

ஆனால் 7.35 வினாடி வீதம் கணக்கிட்டால் 2 மணி 3 நிமிடம் 29 வினாடிதான் வருகிறது. மீதி 51 வினாடியை 1008ஆல் வகுத்தால் உருவுக்கு 50 மில்லிவினாடி. கோப்பு எம்பி3 வடிவில் உள்ளதா? அந்த வடிவம் ஒலியை 1152 மாதிரிகள் கொண்ட சட்டங்களாக அடுக்குவதால், தொடக்கத்திலும் முடிவிலும் வெற்று ஒலியைத் திணித்துவிடும். சுழற்சியில் அது ஒவ்வொரு உருவுக்கும் இடையே மூச்சறுந்த இடைவெளியாக நிற்கும்.

அட்டையை 44,100க்கு மாற்றுங்கள். மூலப்பதிவு இருந்தால் சுருக்காத வேவ் கோப்பாக, இரு முனைகளையும் ஒட்ட வெட்டி ஏற்றுங்கள். அதற்கு முன் இப்போது தகட்டில் கிடப்பதை முழுவதும் கலைத்துவிட வேண்டும். பிசகிய சுருதியின் மேல் சரியான சுருதியை ஏற்றினால் இரண்டும் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு காப்பு முன்னைவிட விரைவாக அவிழும்.

ஓதுவிரதி:
இடைவெளியைப் பற்றிச் சொன்னதை ஏற்கிறேன். அறுபட்ட மூச்சு உரு ஆகாது என்பதே எங்கள் தரப்பும்.

வாயிற்காப்பு:
கோப்பு எம்பி3தான், அட்டையும் 48,000இல்தான் இருந்தது. நல்லவேளையாக மூலப்பதிவை வைத்திருந்தேன். தகட்டைக் கலைத்து உருமானி சுழியைத் தொட்ட பிறகு நேற்று மாலை ஏற்றினேன். 2 மணி 14 நிமிடம் 24 வினாடியில் 1008 முடிந்தது, முள் 99இல் நின்றது. விதியை மீறாமல் கதவுக்கு வெளியே நின்று முதல் சில உருக்களை மட்டும் கேட்டேன். ஆசிரியரின் அதே கனத்த குரல். ஒரு வாரமாக அந்த அறைக்குள் வேறொருவர் ஓதிக்கொண்டிருந்ததை நான் கேட்கவே இல்லை.

விடிந்த பிறகு காப்பை நானேதான் அவிழ்த்தேன்.