இறால் மோமோ அடியில் கிழியுது, முண்டு மிளகாய்ச் சட்னி கசக்குது: எங்கே தப்பு?

மண்டபம்_அடுப்படி:
மேல்மாவு: மைதா 200 கிராம், பச்சைத் தண்ணி 120 மி.லி., உப்பு 1 டீஸ்பூன். பூரணம்: உரிச்ச இறால் 250 கிராம், பெரிய வெங்காயம் 1, முட்டைக்கோஸ் ஒரு கைப்பிடி, மிளகு, கறிவேப்பிலை. இட்லித் தட்டுல துணி போட்டு 15 நிமிஷம் அவிக்கிறேன்.

எடுக்கும்போது அடி துணியோட ஒட்டிக் கிழியுது, சாறெல்லாம் கீழ போயிடுது. இறால் ரப்பர் மாதிரி இருக்கு. தொட்டுக்க முண்டு மிளகாய் (குண்டு வத்தல்), பூண்டு, தக்காளி, கருப்பட்டி சேர்த்து அரைச்ச சட்னி. முதல் வாய்க்கு நல்லா இருக்கு, பின்னாடி கசக்குது. கொஞ்ச நேரத்துல தண்ணி தனியா நிக்குது. எதை மாத்தணும்?

கீழக்கரை_பூரணம்:
மாவைப் பிறகு பார்ப்போம். கிழியறதுக்கு முதல் காரணம் பூரணத்துல இருக்கிற தண்ணி. பெரிய வெங்காயமும் கோஸும் உப்பு பட்டதும் நீர் விடும், இறாலும் சூட்டுல விடும். மூணும் சேர்ந்து அடித்தோலை உள்ளேயிருந்தே ஊற வச்சிடுது.

கோஸை விட்டுடுங்க. பெரிய வெங்காயத்துக்குப் பதில் சின்ன வெங்காயம் 60 கிராம் பொடியா நறுக்கி, ஒரு சிட்டிகை உப்பு போட்டுப் பத்து நிமிஷம் கழிச்சு ஒட்டப் பிழியுங்க. இறாலைக் குடல் எடுத்துக் கழுவி, துணியில ஒத்தி ஈரம் போக்குங்க. வடிகட்டியில வைச்சா மட்டும் பத்தாது, ஒத்தியே ஆகணும்.

பாதி இறாலை அரை டீஸ்பூன் உப்போட நைஸா அரைங்க, மீதியைப் பட்டாணி அளவுக்கு நறுக்குங்க. அரைச்சதை ஒரே பக்கமா ரெண்டு நிமிஷம் கிளறினா பசை மாதிரி இழுவை வரும். உப்பு இறாலோட புரதத்தைக் கரைக்கிறதுதான் அந்தப் பசை, தண்ணியைப் பிடிச்சு வைக்கிறதும் அதுதான். இதைச் செய்யாம விட்டா பூரணம் பொலபொலன்னு நிக்கும், சாறு ஓடிடும்.

அப்புறம் நறுக்கின இறால், வெங்காயம், இஞ்சி 1 டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், ஒரு ஆர்க்கு கறிவேப்பிலை, சோளமாவு 2 டீஸ்பூன், தேங்காய் எண்ணெய் 1 டேபிள்ஸ்பூன் சேர்த்து அரை மணி நேரம் ஃப்ரிட்ஜுல வைங்க. இறால்ல கொழுப்பு ரொம்பக் கம்மி, அதான் வறண்டு போகுது. தேங்காய் எண்ணெய் 24 டிகிரிக்குக் கீழ உறையும். அதனால மடிக்கும்போது பூரணம் கெட்டியா நிக்கும், ஆவியில உருகிச் சாறா மாறும். நல்லெண்ணெய்க்கு அந்தக் குணம் இல்லை, வாசனைக்கு வேணும்னா கடைசியில சொட்டு விடலாம்.

தொண்டி_மாவுக்கை:
மேல்மாவில் இரண்டு திருத்தம். 200 கிராம் மைதாவுக்கு 120 மி.லி. அதிகம், உப்பும் அதிகம். உப்பு 2 கிராம் போதும். கிணற்று நீர் உப்புக் கரிக்கும் வீடாக இருந்தால் மாவில் உப்பே சேர்க்க வேண்டாம், அல்லது காவிரிக் குழாய்த் தண்ணீரில் பிசையுங்கள்.

பச்சைத் தண்ணீர் மாவு, தண்ணீரில் போட்டு வேகவைக்கும் வகைக்கு ஏற்றது. ஆவிக்கு வெந்நீர் கலந்த மாவே நல்லது: கொதிநீர் 70 மி.லி. ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறி, பிறகு பச்சைத் தண்ணீர் 35 மி.லி. தெளித்து 8 நிமிடம் பிசையுங்கள். கொதிநீர் பட்ட மாவுச்சத்து வெந்து இளகும். மாவின் இழுவை குறையும். தேய்த்தால் சுருங்காது, ஆவியில் தோல் மெத்தென்று வரும். ஈரத்துணி மூடி 30 நிமிடம் கட்டாயம் விடுங்கள்.

12 கிராம் உருண்டைகளாக்கினால் 25 தேறும். 8 செ.மீ. வட்டம், நடு 2 மி.மீ., ஓரம் 1 மி.மீ. சப்பாத்தி போல எங்கும் ஒரே கனத்தில் தேய்த்தால் நடு கிழியும், மடிப்பு மட்டும் வேகாமல் மாவாக நிற்கும். பூரிக்கட்டையை ஓரத்திலிருந்து நடுவரை ஓட்டித் திருப்புங்கள், நடுவைத் தாண்டக் கூடாது. பூரணம் 13 கிராம், அதாவது தலைதட்டிய ஒரு டேபிள்ஸ்பூனுக்குச் சற்றுக் குறைவு.

மடிக்கும்போது மின்விசிறியை நிறுத்துங்கள். கடற்காற்று ஜன்னல் வழியே வந்தாலும் ஓரம் காய்ந்து வாய் ஒட்டாது. ஓரத்தில் எண்ணெய் விரல் பட்டாலும் அதே கதை.

பாம்பன்_ஆவி:
இட்லித் தட்டு வேணாம். குழியில ஆவித்தண்ணி தேங்கி மோமோ அதுலயே உட்கார்ந்திருக்கும். இடியாப்பத் தட்டு எடுங்க. வாழையிலையைத் துண்டா வெட்டி எண்ணெய் தடவி ஒவ்வொண்ணுக்கும் அடியில வைங்க. தட்டு முழுக்க இலை போட்டா துளை அடைஞ்சு நடுவுல இருக்கிறது வேகாது. ஒண்ணுக்கொண்ணு ஒரு விரல் இடைவெளி வேணும், வேகும்போது உப்பி வரும்.

மூடியில துணி கட்டுங்க, இல்லைன்னா மேலயிருந்து சொட்டுற தண்ணி தோலைக் கூழாக்கிடும். தண்ணி தளதளன்னு கொதிச்ச பிறகு தட்டை உள்ள வைங்க, 7 முதல் 8 நிமிஷம். 15 நிமிஷம்னா இறால் ரப்பராகாம என்ன செய்யும்? அடுப்பை அணைச்சு ஒரு நிமிஷம் கழிச்சுத் திறந்து, இன்னொரு நிமிஷம் ஆறவிட்டு எடுங்க. சூட்டோட இழுத்தா எந்தத் தோலும் கிழியும்.

தேவிபட்டினம்_வலை:
இறாலையும் பாருங்க. கிழக்குக் கடற்கரையில ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுக்குத் தடை. அப்ப கடைக்கு வர்றதுல பண்ணையில வளர்க்கிற வனாமி இறாலும் ஐஸ்பெட்டிச் சரக்கும் நிறைய இருக்கும். உறைஞ்ச இறாலை வெளியில வைச்சு உருக்காதீங்க, முதல் நாள் ராத்திரியே ஃப்ரிட்ஜுக்கு மாத்தி, வடிஞ்ச தண்ணியைக் கொட்டிட்டு எடை போடுங்க. தலையோட வாங்கினா பாதிக்குப் பக்கந்தான் சதை தேறும், 250 கிராமுக்கு அரைக் கிலோ வாங்கணும்.

மண்டபம்_அடுப்படி:
நன்றி. இறாலுக்குப் பதில் நண்டு, சுறாப்புட்டு வைக்கலாமா? சட்னிக்கு யாரும் சொல்லலையே.

கீழக்கரை_பூரணம்:
வைக்கலாம். நண்டை அவிச்சுச் சதையை எடுத்து நல்லா பிழிஞ்சுடணும். வெந்த சதைக்கு ஒட்டும் தன்மை இல்லை, அதனால 200 கிராமுக்கு அரைச்ச இறால் 50 கிராம் கலந்தா பிடிச்சு நிக்கும். சுறாப்புட்டு வறண்டது, உதிரும். மசிச்ச உருளைக்கிழங்கு 50 கிராம், கெட்டித் தேங்காய்ப்பால் 2 டேபிள்ஸ்பூன் போதும். இது ஏற்கனவே வெந்தது, தோல் வேகுற நேரம் 7 நிமிஷம் விட்டா சரி. என்னைக் கேட்டா புட்டுதான் இதுல ஜெயிக்கும், இறால் எங்கேயும் கிடைக்கும்.

சாயல்குடி_காரம்:
சட்னிக்கு வர்றேன். கசப்பு மூணு இடத்துலயிருந்து வரலாம்: மிளகாயை எண்ணெயில கருக வறுக்கறது, பூண்டு பழுப்பாகிறது, விதையோட அரைக்கிறது. முண்டுல விதை ஏராளம், தோலும் தடிமன். (நம்ம ராமநாதபுரம் முண்டுக்கு 2023-ல புவிசார் குறியீடு கிடைச்சது, அதைக் கருக்கிப் போடறது அநியாயம்.) வறுக்கவே வேணாம். 10 மிளகாயைக் கிள்ளி விதை உதிர்த்து, தக்காளி 250 கிராமோட ஒரு கப் தண்ணியில 10 நிமிஷம் கொதிக்கவிட்டு, அதுலயே 20 நிமிஷம் ஊறட்டும். தக்காளித் தோலை உரிச்சு, இஞ்சி அரை அங்குலம் சேர்த்து நைஸா அரைங்க. ஊறின தண்ணியைக் கொஞ்சமா மட்டும் விடுங்க.

நல்லெண்ணெய் 2 டேபிள்ஸ்பூன், நசுக்கின பூண்டு 8 பல். வெளுப்பு மாறி வாசனை வந்ததும் விழுதைக் கொட்டுங்க. நெல்லிக்காயளவு புளிக்கரைசல், வெள்ளை எள் 1 டேபிள்ஸ்பூன் வறுத்துப் பொடிச்சது, உப்பு முக்கால் டீஸ்பூன். எள் வெடிச்சு நின்னதும் இறக்கிடணும், நிறம் மாறினா அதுவும் கசக்கும். கரண்டி முதுகுல விரல் கோடு நிக்கிற வரைக்கும் 8 நிமிஷம் சுண்டணும். தண்ணி தனியா பிரியறது அரைச்சப்புறம் சுண்டாததால தான்.

கருப்பட்டி 15 கிராமை வெந்நீர்ல கரைச்சு வடிகட்டிக் கடைசியில ஊத்துங்க. அடியில மண் தங்கும், அப்படியே தட்டிப் போட்டா பல்லுல நறநறங்கும்.

தொண்டி_மாவுக்கை:
காரத்தை மட்டும் 10-க்குப் பதில் 7 மிளகாயில் தொடங்குங்கள். இறாலின் இனிப்பு தெரிய வேண்டும்.

மண்டபம்_அடுப்படி:
கீழக்கரை லாத்தா (அக்கா) சொன்ன அரைச்ச இறால், பாம்பன்காரர் சொன்ன இடியாப்பத் தட்டு, ரெண்டுலயும் அடி கிழியலை. சட்னியும் கசக்கலை. மிச்சத்தை ஃப்ரிட்ஜுல வச்சு மறுநாள் எடுத்தா தோல் வறண்டு இருக்கே?

பாம்பன்_ஆவி:
வெந்த மாவு குளிர்ல இறுகும். தண்ணி தெளிச்சு 3 நிமிஷம் திரும்ப ஆவி காட்டுங்க. இல்லைன்னா தோசைக்கல்லுல எண்ணெய் விட்டு அடி மொறுகினதும் 3 டேபிள்ஸ்பூன் தண்ணி ஊத்தி மூடி, வத்தினதும் எடுங்க. சேர்த்து வைக்கணும்னா வேகாததைத் தட்டுல ஒட்டாம அடுக்கி உறையவச்சுப் பையில போடுங்க. உருக்காம அப்படியே ஆவியில 11 நிமிஷம். நடுவுல கரண்ட் போய் உருகிட்டா திரும்ப உறைய வைக்காம அன்னைக்கே அவிச்சிடுங்க.