குக்கர் அங்கேயே கிடைக்கும் தம்பி (இந்த வருஷம் படிக்கக் கிளம்புற தருமபுரி, கிருஷ்ணகிரிப் பிள்ளைங்களுக்கு)

லீவுக்கு ஊருக்கு வந்திருந்தப்ப, தருமபுரி நாலு ரோட்டுல டீ குடிச்சுட்டே மாமா பையன் கேட்டான்: "அண்ணா, செப்டம்பர்ல லண்டன் போறேன், குக்கர் எடுத்துட்டுப் போகட்டுமா?" குக்கர் அங்கேயே கிடைக்கும். என்னை அங்க சிக்க வச்சது வேற விஷயம்: கட்டுரையில சான்று காட்டுறது. அவன்கிட்ட பாதிதான் சொன்னேன், அதுக்குள்ள பஸ் வந்துருச்சு. மீதி இங்கே.

நம்ம பள்ளிக்கூடத்துல நோட்ஸை வரி பிசகாம எழுதினா முழு மார்க். அதே பழக்கத்தோட இங்கிலாந்துல முதல் கட்டுரை எழுதினேன். ஒரு புத்தகத்துல இருந்து ரெண்டு பத்தி எடுத்து, அங்கங்க சொல்லை மாத்தி, கடைசிப் பக்கத்துல அந்தப் புத்தகத்தோட பேரையும் போட்டேன். ஒளிவுமறைவு எதுவும் இல்லையேன்னு நினைப்பு. மூணு வாரம் கழிச்சு, இது எழுத்துத் திருட்டுன்னு விசாரணைக்கு வரச்சொல்லி மெயில் வந்துச்சு. கடைசியில பேர் இருந்தா பத்தாதாம். எது அந்தப் புத்தகத்தை எழுதினவர் சொன்னது, எது நான் சொன்னதுன்னு அந்தந்த வரியிலேயே தெரியணும். சொல்லை மாத்தினாலும் கருத்து அவரோடதுதானே! முதல் தடவைன்னு மார்க்கைக் குறைச்சதோட விட்டாங்க.

சான்று காட்டுறதுன்னா என்னன்னு நம்ம ஊர்க் கதையிலேயே பாருங்க. "தகடூரை ஆண்ட அதியமான், நெல்லிக்கனியோட அருமையைச் சொல்லாமலே ஔவைக்குக் கொடுத்தான்"னு எழுதுறீங்கன்னு வைங்க. தருமபுரியில இது குழந்தைக்கும் தெரியும். ஆனா லண்டன்ல திருத்துறவர் "எங்கே இருக்கு?"ன்னுதான் கேட்பார். புறநானூறு 91-ஆம் பாட்டு. "ஆதல் நின்னகத் தடக்கிச் சாதல் நீங்க எமக்கீந் தனையே"ன்னு ஔவை பாடுறாங்க. 'அடக்கி'ங்கிற ஒத்தைச் சொல்தான் உங்க வாதத்தைத் தாங்குது: பலனை மனசுக்குள்ளேயே வச்சுக்கிட்டுக் கொடுத்தான். பாட்டை ஒட்டிட்டு அடுத்த பத்திக்குத் தாவிடாதீங்க. அந்தச் சொல்லைத் தொட்டுக் காட்டி ரெண்டு வரி நீங்க பேசணும், மார்க் அதுக்குத்தான்.

சரி, தகடூர், அதாவது நம்ம தருமபுரியோட பழைய பேர்? அந்தப் பாட்டுல 'அதியர் கோமான்' இருக்கு, 'அஞ்சி' இருக்கு, தகடூர் இல்லை! அதுக்குப் பதிற்றுப்பத்து எட்டாம் பத்தோட பதிகத்துக்குப் போகணும், அங்கதான் அதிகமானும் தகடூரும் சேர்ந்து வருது. ஒரே வாக்கியம், பாதிக்கு அந்தப் பாட்டுல சான்று இருக்கு, பாதிக்கு வேற நூலைத் தேடணும். இது புரியவே எனக்கு ஒரு வருஷம் ஆச்சு.

எல்லாத்துக்கும் சான்று போடணுமான்னா, இல்லை. கிருஷ்ணகிரி தமிழ்நாட்டுல இருக்குன்னு எழுத யாரும் கேட்க மாட்டாங்க. அங்க இருந்து இத்தனை டன் மாங்கூழ் ஏற்றுமதி ஆகுதுன்னு எண் போட்டீங்கன்னா உடனே கேட்பாங்க.

சான்றை எழுதுற முறைக்கு ஏபிஏ (APA), எம்எல்ஏ (MLA), ஹார்வர்டுன்னு பல பாணி உண்டு, எது வேணும்னு உங்க டிபார்ட்மென்ட் கையேட்டுல இருக்கும். ஹார்வர்டுன்னு சொன்னா அவங்க பல்கலைக்கழகத்தோட ஹார்வர்டு எதுன்னு பாருங்க, இடத்துக்கு இடம் மாறும். சான்று நூல்களைச் சேர்த்து வச்சுப் பட்டியல் போட்டுத் தர்ற சோட்டெரோன்னு (Zotero) இலவச மென்பொருள் இருக்கு, முதல் நாளே போட்டுடுங்க. ஆனா அது தர்ற பட்டியலை அப்படியே நம்பாதீங்க, நம்ம ஆளுங்க பேர்ல இனிஷியல் எது, பேர் எதுன்னு அதுக்கும் குழப்பம். 'முனைவர்', 'பேராசிரியர்' எல்லாம் பட்டியல்ல வராது, மரியாதைக் குறைவுன்னு நினைக்க வேண்டாம்.

கட்டுரையை மத்த எழுத்துகளோட ஒப்பிட்டுப் பார்க்கிற டர்னிட்டின் (Turnitin) மென்பொருள் 25 சதவீதம் காட்டுதுன்னு ராத்திரி ஒரு மணிக்கு எனக்கு போன் பண்ற தம்பிகளுக்கு: அது ஒத்துப்போற வரிகளோட அளவு, திருட்டோட அளவு இல்லை. மேற்கோளும் கடைசிப் பட்டியலும் அதுலயே சேர்ந்திருக்கலாம். திறந்து எந்த வரி கலர்ல இருக்குன்னு பார்த்துட்டு அப்புறம் பதறுங்க.

ஒரு தங்கச்சி கேட்டிருந்துச்சு, தமிழ்ப் பாட்டை நானே இங்கிலீஷ்ல மாத்திப் போட்டா மேற்கோள் குறி வேணுமான்னு. ஏபிஏ-ல வேண்டாம்மா, சொந்த மொழிபெயர்ப்பை அவங்க உன் சொல்லாத்தான் எடுத்துக்குவாங்க. மூல நூலைக் காட்டினா போதும். பாட்டு எண்ணை மட்டும் மறந்துடாதே.