புதுப்பிப்பு: கொச்சி மட்டாஞ்சேரியின் ஜூ டவுன் (யூதர் குடியிருப்பு) நடைச் சுற்றுலா, எந்த நாள் சரி?

வார இறுதி வசதி என்று முன்பு எழுதியிருந்தேன். அதில் திருத்தம்: சனிக்கிழமை வேண்டாம். அன்று யூதர்களின் ஓய்வுநாள், அங்குள்ள அவர்களின் வழிபாட்டிடமான பரதேசி ஜெப ஆலயம் திறக்காது. யூதப் பண்டிகை நாட்களிலும் அப்படித்தான். வெள்ளிக்கிழமை பக்கத்திலுள்ள டச்சு அரண்மனைக்கு விடுமுறை. இரண்டையும் சேர்த்துப் பார்க்க ஞாயிறு முதல் வியாழன் வரை. மதியம் ஆலயத்துக்கு இடைவேளை உண்டு, அதனால் காலையிலேயே தொடங்குங்கள்.

வழிகாட்டியிடம் முதலில் ஆலயத்தின் மணிக்கூண்டைக் காட்டச் சொல்லுங்கள். 1760-இல் எழுப்பியது, ஒரு முகப்பில் மணி எண்கள் எபிரேய எழுத்தில் இருக்கும். ஆலயம் அதைவிட மூத்தது, 1568. செருப்பைக் கழற்றிவிட்டு நுழைந்ததும் எல்லோரும் சரவிளக்குகளை அண்ணாந்து பார்ப்பார்கள். நீங்கள் தரையில் கண் வையுங்கள். சீனாவிலிருந்து வந்த வெள்ளை ஓடுகள்; நீலத்தில் கையால் வரைந்தவை என்பதால் பக்கத்துப் பக்கத்து ஓட்டிலேயே கோடு மாறும். பிறகு மேல்மாடத்தைப் பாருங்கள்: நடுவில் வேதம் வாசிக்கும் பித்தளைக் கம்பி மேடை போதாதென்று மேலே இன்னொரு வாசிப்பு மேடை. கேரள யூத ஆலயங்களின் தனி அடையாளம் அது. வழிகாட்டி சொல்லாவிட்டால் கேட்டு வாங்குங்கள்.

அரைக்கால் சட்டை, கையில்லாத மேலாடை வேண்டாம், வாசலிலேயே நிறுத்துவார்கள்.