ஒரு ஆளுக்கு ஓடிஜியில் மீன்: ஒரே தண்ணீர், மசாலாவும் பச்சையாகவே நிற்கிறது

பார்வதிபுரம் மாடிவீடு:

வேலை மாற்றலாகி நாகர்கோவில் வந்து எட்டு மாதம் ஆகிறது, தனியாக இருக்கிறேன். சொந்த ஊர் ஈரோடு பக்கம் என்பதால் கடல்மீன் எனக்குப் புதுசு, கானாங்கெளுத்தியை இங்கே அயிலை என்பார்கள், மத்தியைச் சாளை என்பார்கள் என்பதே வந்த பிறகுதான் தெரியும். குழம்பு வைத்தால் ஒரு ஆளுக்கு என்று அளவே வரமாட்டேன் என்கிறது, ஞாயிறு வைத்தது புதன்வரை ஓடுகிறது. பொரிக்கலாம் என்றால் சமையலறைக்கு ஒரே ஒரு சின்ன ஜன்னல், இரண்டு நாளைக்குத் தலையணை உறையில்கூட மீன் வாடை.

கூட வேலை பார்த்தவர் ஊருக்குத் திரும்பும்போது 19 லிட்டர் ஓடிஜி (மேலும் கீழும் கம்பி எரிகிற சின்ன மின்சார ஓவன்) ஒன்றை என் தலையில் கட்டிவிட்டுப் போனார். சரி, இதில் முயற்சி பண்ணலாம் என்று போன ஞாயிறு வடசேரியில் இரண்டு அயிலை வாங்கி, கீறல் போட்டு, மிளகாய்த்தூள், மஞ்சள்தூள், உப்பு, இஞ்சி பூண்டு விழுது, எலுமிச்சைச் சாறு எல்லாம் பூசி, ஒன்றை அலுமினியம் ஃபாயிலில் சுற்றி 180 டிகிரியில் 35 நிமிடம் வைத்தேன். ஒரு வீடியோவில் அப்படித்தான் சொன்னார்கள். பிரித்துப் பார்த்தால் உள்ளே அரை டம்ளர் தண்ணீர், மீன்மேல் வெள்ளை வெள்ளையாகத் திரிந்த பால் மாதிரி ஏதோ ஒட்டிக்கொண்டு இருக்கிறது, மசாலாவில் பச்சை வாடை, சதை மட்டும் பஞ்சு. அடுத்ததை ஃபாயில் இல்லாமல் வைத்தேன், வால் கரியாகிவிட்டது, தோல் தட்டோடு போய்விட்டது.

எந்த மீன், எத்தனை நிமிடம், மசாலாவை என்ன செய்வது? இன்னொன்று, சந்தையில் ஒரே ஒரு மீன் கேட்டால் முறைக்கிறார்கள், தனி ஆள் எல்லாம் எப்படித்தான் வாங்குகிறீர்கள்?

குளச்சல் வீட்டம்மா:

மக்கா, 35 நிமிடம் வேகவைக்க அது என்ன ஆட்டுக்காலா?

மசாலாதான் முதல் தப்பு. சட்டியில் பொரிக்கும்போது மசாலா எண்ணெயில் நேராக வேகும், அதனால் பச்சை வாடை போய்விடும். ஓவனில் அந்தச் சூடு மசாலாவுக்குக் கிடைக்காது, அதுவும் பொதிந்து வைத்தால் வெறும் ஆவிதான், பூண்டும் மிளகாய்த்தூளும் பச்சையாகவே நிற்கும். அதனால் மசாலாவை முதலில் அடுப்பில் வதக்கிவிட வேண்டும். ஒரு மீனுக்கு நான் எடுக்கிற கணக்கு இது: சின்ன உள்ளி (சின்ன வெங்காயம்) ஆறேழு, பூண்டு மூன்று பல், இஞ்சி ஒரு நகம் அளவு, மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி, மஞ்சள்தூள் கால், நல்லமிளகு அரை (உங்கள் ஊரில் வெறும் மிளகு என்பீர்கள்), உப்பு. இதை அம்மியிலோ மிக்ஸியிலோ கரகரப்பாக அரைத்து, தேங்காய் எண்ணெய் இரண்டு தேக்கரண்டி விட்டு, கறிவேப்பிலை கிள்ளிப் போட்டு, சிறு தீயில் எண்ணெய் ஓரத்தில் கசிகிறவரை வதக்கு. ஐந்து நிமிடம் ஆகும். எலுமிச்சைக்குப் பதில் கொடம்புளி ஒரு சுளையை வெந்நீரில் ஊறப்போட்டு அந்தத் தண்ணீரில் இரண்டு கரண்டி விட்டு வற்றவிடு, அயிலைக்கு அதுதான் சேரும். வேறு நல்லெண்ணெய், கடலை எண்ணெய் விட்டுவிட்டு என்னிடம் வந்து ருசி இல்லை என்று சொல்லாதே.

இரண்டாவது, மீனைக் கழுவியதும் ஈரத்தோடு மசாலா பூசியிருப்பாய். கல் உப்பு போட்டு உரசிக் கழுவி, ஒரு பழைய துணியால் உள்ளும் புறமும் ஒற்றி எடு, வயிற்றுக்குள்ளே முள்ளை ஒட்டிக் கறுப்பாக ரத்தம் நிற்குமே, அதையும் விரலால் வழித்து எடுத்துவிடு. பிறகு கொஞ்சம் உப்பும் மஞ்சளும் தடவி 15 நிமிடம் வைத்தால் திரும்பவும் தண்ணீர் கசியும், அதையும் ஒற்றிவிட்டுத்தான் வதக்கிய மசாலாவை ஆறவைத்துப் பூச வேண்டும். கீறலுக்குள் விரலால் திணி.

ஃபாயிலைத் தூரப் போடு. புளிப்பும் உப்பும் பட்டால் அலுமினியம் அரிக்கும், சிலநேரம் பொடிப்பொடியாக ஓட்டையே விழும். நம்ம ஊரில் வாழை இல்லாத வீடு எது, பக்கத்தில் கேட்டால் ஏத்தன் இலை தருவார்கள். நடு நரம்பைச் சீவி எடுத்துவிட்டு இலையைத் தீயில் பைய வாட்டு, வெளிர்ப்பச்சையாக இருக்கிற இலை தீ பட்ட இடத்தில் மட்டும் சட்டென்று எண்ணெய் தேய்த்தமாதிரி கரும்பச்சையாக மினுங்கும், அந்த மினுக்கம் இலை முழுக்க ஓடியதும் எடுத்துவிடு. அப்புறம் துணி மாதிரி மடியும், கிழியாது. வாட்டாமல் மடித்தால் நரம்போடு விண்டு மசாலா எல்லாம் தட்டில்தான்.

தேங்காப்பட்டணம் கரை:

ஒரு அயிலைக்கு ஓவன், கரண்டு, இத்தனை வேலை. அதே இலைப்பொதியைத் தோசைக்கல்லில் வைத்து மேலே ஒரு மூடி போட்டு, இந்தப் பக்கம் எட்டு நிமிடம், அந்தப் பக்கம் எட்டு நிமிடம் வைத்தால் முடிந்தது. வாடையும் இலைக்குள்ளேயே நின்றுவிடும். எங்கள் வீட்டில் அடுப்புக் கனலில் வைத்துத்தான் எடுப்பார்கள், ஓவன் எல்லாம் கேக்குக்கு. சொன்னால் கோபம் வரும், ஆனால் குழம்பு புதன்வரை ஓடுகிறது என்பதை ஒரு குறை என்று சொல்கிற ஆளை இப்போதுதான் பார்க்கிறேன். மறுநாள் மீன்குழம்புக்குத்தானே இங்கே அடிதடியே நடக்கும்!

மார்த்தாண்டம் பேக்கரி:

கரை அண்ணே, தோசைக்கல் சரிதான், ஆனால் அவர் பக்கத்தில் நின்று திருப்ப வேண்டாமா, ஓடிஜியில் வைத்துவிட்டுக் குளித்துவிட்டு வரலாம். எனக்குத் தினமும் ஓவனோடுதான் பிழைப்பு, அதனால் அந்தப் பக்கத்தை மட்டும் சொல்கிறேன்.

180 போதாது, 200 வையுங்கள். அதைவிட முக்கியம், உள்ளே எதுவும் வைக்காமல் மேல் கம்பி, கீழ் கம்பி இரண்டும் எரிகிற மாதிரி 10 நிமிடமாவது சூடேற்றிவிட்டுத்தான் மீனை வைக்க வேண்டும். சின்ன ஓடிஜி கதவைத் திறந்தாலே சூடு இறங்கிவிடும், குளிர்ந்த ஓவனில் மீனை வைத்தால் அது சூடாகிற நேரம் முழுக்க மீன் தண்ணீர் விட்டுக்கொண்டே இருக்கும்.

நேரத்துக்கு எடையைப் பார்க்காதீர்கள், கனத்தைப் பாருங்கள். மீனைப் படுக்கவைத்து, இருப்பதிலேயே தடித்த இடத்தில் ஸ்கேல் வைத்து அளந்தால், 2.5 சென்டிமீட்டருக்கு 10 நிமிடம், இலையில் பொதிந்திருந்தால் கூட ஒரு 5 நிமிடம். நடுத்தர அயிலை 3 சென்டிமீட்டர் இருக்கும், ஆகவே 17, 18 நிமிடம். கடைசியில் இலையைப் பிரித்து, மேல் கம்பி மட்டும் எரியவிட்டு 3 நிமிடம் வைத்தால் மசாலா கருக்கு மொறுக்கென்று ஏறும். அப்போது வாலை மட்டும் இலையால் மூடிவிடுங்கள், சின்ன ஓவனில் கம்பி ரொம்பப் பக்கம், உங்களுக்கு வால் கரிந்தது அதனால்தான். முதுகுப்பக்கம் கத்தி நுனியை விட்டுப் பாருங்கள், சதை முள்ளிலிருந்து இதழாகப் பிரிந்தால் போதும், எடுத்துவிடலாம்.

அந்த வெள்ளைத் திரிப்பு அழுக்கு இல்லை, மீனின் புரதம். அதிகமாக வெந்தால் சதை சுருங்கி அதை வெளியே பிதுக்கித் தள்ளும். அது நிறைய வந்திருக்கிறது என்றால் மீன் வெந்து தாண்டிவிட்டது என்று அர்த்தம்.

ஆமாம், இன்வெர்ட்டரில் ஓடிஜியைப் போட்டுவிடாதீர்கள். இந்த அளவு ஓவனே 1200 வாட்டுக்கு மேல் இழுக்கும். மழைக்காலத்தில் பாதியில் கரண்டு போனால் கதவைத் திறக்காமல் 10 நிமிடம் விட்டுப் பாருங்கள், இருக்கிற சூட்டிலேயே முக்கால்வாசி வெந்திருக்கும்.

முட்டம் வள்ளக்காரர்:

வாங்குவதைப் பற்றி யாரும் சொல்லவில்லை. தம்பி, ஒரே ஒரு அயிலை கேட்டால் முறைக்கத்தான் செய்வார்கள், அயிலையும் சாளையும் கூறு கட்டி வைப்பது. பெரிய மீனில் ஒரு துண்டு கேட்டால் யாரும் முறைக்க மாட்டார்கள். இல்லை என்றால் 300, 350 கிராமில் விளமீன் ஒன்று கேளுங்கள், ஒரு ஆளுக்குத் திகட்டத் திகட்ட இருக்கும், சதை கெட்டி, ஓவனுக்கு அயிலையைவிடத் தோதானது, நேரம் கொஞ்சம் தப்பினாலும் மன்னித்துவிடும். நெய்மீன், அதுதான் உங்கள் பக்கத்து வஞ்சிரம், சீக்கிரம் காய்ந்துபோகும், அதைக் குழம்புக்கு விட்டுவிடுங்கள்.

இப்போது ஜூன். மேற்குக் கரையில், அதாவது குளச்சல், முட்டம், தேங்காப்பட்டணத்தில், ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை விசைப்படகுக்குத் தடை. கிழக்குக் கரைத் தடை ஏப்ரல் 15இல் தொடங்கி ஜூன் 14இல் முடியும், சின்னமுட்டம் அந்தக் கணக்கில் வருகிறது. ஒரே மாவட்டத்துக்குள் இரண்டு தடை என்பது எங்கள் ஊர்க் கூத்து. ஆகவே 15ஆம் தேதிக்குப் பிறகு சின்னமுட்டம் மீன் வரும், இந்தப் பக்கம் வள்ளத்துக்காரர்கள், அதாவது நாட்டுப்படகுக்காரர்கள், கொண்டுவருவதுதான். விலை ஏறித்தான் இருக்கும், அதற்காக ஐஸில் பல நாள் கிடந்ததை வாங்கிவிடாதீர்கள்.

அயிலை, சாளை, சூரை மூன்றிலும் ஒரு எச்சரிக்கை. பிடித்ததிலிருந்து ஐஸ் சரியாகப் போடாமல் வெயிலில் கிடந்தால் ஹிஸ்டமின் என்று ஒன்று உண்டாகும், அதை எத்தனை டிகிரியில் வேகவைத்தாலும் போகாது. சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் முகம் சிவந்து தலைவலி, தடிப்பு, வாயில் மிளகு மாதிரி எரிச்சல். எனக்கே ஒருமுறை வந்திருக்கிறது, மசாலாதான் காரம் என்று நினைத்துக்கொண்டு முழுத் துண்டையும் தின்று தீர்த்தேன். கண் குழிந்து, வயிறு விண்டு, அழுத்தினால் குழி நிற்கிற மீன் என்றால் நகர்ந்துவிடுங்கள். கூறாகத்தான் கிடைத்தது என்றால் வீட்டுக்கு வந்ததும் எல்லாவற்றையும் சுத்தம் செய்து, ஒவ்வொன்றாகத் தனித்தனிக் கவரில் ஃப்ரீசரில் போடுங்கள். வெளியே வைத்து இளக்க வேண்டாம், முந்தின ராத்திரியே ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் இறக்கி வைத்தால் போதும்.

பார்வதிபுரம் மாடிவீடு:

நேற்று செய்தேன். விளமீன், 320 கிராம், கடைக்காரரே செதில் சீவித் தந்தார். மசாலாவை வதக்கும்போதே கீழ்வீட்டு அம்மா என்ன சமையல் என்று மேலே வந்துவிட்டார்கள், இலையும் அவர்கள் கொல்லையிலிருந்துதான். முதல் இலையை வாட்டுகிறேன் என்று எரித்தேன். இரண்டாவதில் குளச்சல் அம்மா சொன்ன மினுக்கம் தெரிந்தது, அது ஓடுகிற வேகத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம் போல் இருக்கிறது. ஸ்கேல் வைத்து அளந்தேன், 4 சென்டிமீட்டர். 21 நிமிடம், பிரித்து 3 நிமிடம். தண்ணீர் ஒரு கரண்டிகூட இல்லை, இலையின் மடிப்பில் சிவப்பாகக் கொஞ்சம் எண்ணெய்தான் நின்றது, அதைச் சோற்றில் வழித்துப் போட்டுக்கொண்டேன். தலைப்பக்கம் முள்ளை ஒட்டி ஒரு இடம் லேசாக வேகாமல் இருந்தது, இன்னும் 2 நிமிடம் விட்டிருக்கலாம். அம்மாவுக்கு வால்பக்கம் ஒரு துண்டு கொடுத்தேன், கொள்ளாம் (நன்றாக இருக்கிறது) என்றார்கள்.

ஆனால் ஓவனுக்குள் வாடை அப்படியே இருக்கிறது. அடுத்து கணவாய் செய்யலாமா?

மார்த்தாண்டம் பேக்கரி:

பிழிந்த எலுமிச்சைத் தோலை ஒரு கிண்ணம் தண்ணீரில் போட்டு 15 நிமிடம் ஓவனில் கொதிக்கவிட்டு, பிறகு கதவைத் திறந்தே வையுங்கள். சொட்டுத்தட்டைக் கழுவினீர்களா? பாதி வாடை அங்கேதான் இருக்கும்.

குளச்சல் வீட்டம்மா:

தலைப்பக்கம் வேகவில்லை என்றால் அங்கே இன்னொரு கீறல் ஆழமாகப் போட்டிருக்க வேண்டும். கணவாய்க்கு இலையும் வேண்டாம், பொதியும் வேண்டாம், வளையமாக நறுக்கி, ஈரம் ஒற்றி, அதே மசாலாவில் புரட்டி, நன்றாகச் சூடேறிய தட்டில் பரப்பி ஏழெட்டு நிமிடத்தில் எடுத்துவிடு. பத்தாவது நிமிடம் ரப்பர். கூட மரச்சீனி (மரவள்ளிக் கிழங்கு) அவித்து வை மக்கா, சோறு வேண்டாம்.